காமிராவைத் தம் பக்கம் திருப்பியவர்கள்

(சங்கத்தின் வெள்ளி விழாவையொட்டி நடைபெற்ற இளைஞர் அரங்கில், அரசினர் உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் ஆற்றிய உரை)



விழா மேடையில் ஒரு தலைமையாசிரியன் ஏறினால் எதைப் பற்றிப் பேசுவான் என்பது உங்களுக்குத் தெரியும். கல்வியின் சிறப்பு, ஒழுக்கத்தின் உயர்வு, தேர்வில் வெற்றி பெறும் வழி ஆகிய மூன்றையும் நான் முப்பது ஆண்டுகளாகப் பேசி வருகிறேன். நீங்களும் பொறுமையோடு கேட்டு வருகிறீர்கள். இன்று அம்மூன்றையும் விடுத்து, அண்மையில் நான் கற்றுக்கொண்ட ஒன்றைப் பற்றிப் பேச உங்கள் இசைவை வேண்டுகிறேன். ஆவணப்படம் எடுப்போர் தம்மையே தம் படத்தின் பொருளாக ஆக்கிக்கொண்டு, தம் கதையைத் தாமே சொல்லும் முறைதான் அது.

இதில் எனக்கு ஆசிரியை என் மகள். அவள் கல்லூரியில் காட்சித் தொடர்பியல் பயில்கிறாள். கடந்த கோடை விடுமுறையில், இரவு உணவிற்குப் பின் தன் மடிக்கணினியைத் திறந்து வைத்து, நாளுக்கொரு படமாக எனக்குக் காட்டினாள். முதல் இரண்டு நாள் எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. கதாநாயகன் இல்லை, கதை தொடர்ச்சியாக இல்லை, படம் எடுப்பவரே நடுவில் வந்து பேசுகிறார். "இவர்களுக்குத் தம்மைக் காட்டிக்கொள்வதில் என்ன இத்தனை ஆசை?" என்று கேட்டேன். "அப்பா, பொறுமையாகப் பாருங்கள், பிறகு கேள்வி கேளுங்கள்" என்றாள். வகுப்பில் நான் மாணவரிடம் சொல்வதை எனக்கே திருப்பிச் சொன்னாள்.

என் கேள்வி தமிழ் படித்தவர் எவருக்கும் எழக்கூடியதுதான். தன்னைத் தானே புகழ்தல் தகாது என்பது நன்னூல் பாயிரத்தில் பவணந்தி முனிவர் வகுத்த நெறி. ஆனால் அதே பாயிரம் நான்கு இடங்களில் விலக்கும் அளிக்கிறது. அரசவைக்கு ஓலை எழுதும்போதும், தன் ஆற்றலை அறியாதார் நடுவிலும், அவையில் வாதிட்டு வெல்ல வேண்டிய பொழுதிலும், பிறர் தன்னைப் பழித்த காலத்திலும் ஒருவன் தன்னைப் பற்றித் தானே எடுத்துரைக்கலாம், அது குற்றமாகாது. மகள் காட்டிய படங்களைப் பார்த்து முடித்தபோது, இந்த நான்கு இடங்களும் என் நினைவிற்கு வந்தன. அவற்றை எடுத்தவர்கள் தம்மைப் புகழ்ந்துகொள்ளவில்லை. தம்மை அறியாதார் நடுவில் நின்று, "இதைச் சொல்பவன் நான், இதற்குப் பொறுப்பும் நானே" என்று கையொப்பமிட்டிருக்கிறார்கள்.

இக்கையொப்பம் ஏன் தேவைப்பட்டது என்பதை அறியச் சற்றுப் பின்னோக்கிச் செல்ல வேண்டும். தொடக்ககால ஆவணப்படங்களுள் புகழ் பெற்றது, இராபர்ட் பிளாகர்ட்டி 1922இல் வெளியிட்ட 'நானூக் ஆஃப் தி நார்த்'. கனடாவின் வடபகுதியில், பனி மூடிய நிலத்தில் வாழும் இன்யூட் மக்களுள் ஒரு வேட்டைக்காரரின் வாழ்க்கையை அது காட்டுகிறது. பனிக்கட்டி வீட்டின் உட்புறத்தைப் படம்பிடிக்க வெளிச்சம் போதவில்லை. ஆகவே ஒரு பக்கம் திறந்த வீடு ஒன்று படத்திற்காகக் கட்டப்பட்டது. துப்பாக்கியால் வேட்டையாடப் பழகிவிட்ட மக்கள், படத்திற்காகப் பழங்காலத்து முறையில் வேட்டையாடினர். அம்மக்கள் படப்பிடிப்பிற்குப் பலவகையிலும் உதவினர் என்பதும், படம் அவர்களை அன்போடுதான் நோக்குகிறது என்பதும் உண்மையே. ஆயினும் அந்த வேட்டைக்காரரின் பெயர் நானூக் அன்று. அவர் பெயர் அல்லகரியல்லக். உலகமெங்கும் அவர் முகத்தை மக்கள் கண்டனர். அவருடைய சொந்தப் பெயரை அறிந்திலர். அன்போடு எடுத்த படத்திலும் இது நேர்ந்தது என்பதை நாம் கருத்தில் கொள்ள வேண்டும்.

இந்நிலையில் ஒரு மாறுதல் வருவதற்குக் கருவிகளின் வளர்ச்சியும் ஒரு காரணமாயிற்று. 1960ஆம் ஆண்டளவில், தோளில் சுமக்கத்தக்க எடை குறைந்த காமிராக்களும், தோளில் தொங்கவிடத்தக்க 'நாக்ரா' போன்ற ஒலிப்பதிவுக் கருவிகளும் படமெடுப்போர் கைக்கு வந்தன. அவ்வாண்டின் கோடைக்காலத்தில், பாரிஸ் நகரில், ழான் ரூஷ் என்னும் மானிடவியலாளரும் எட்கார் மோரின் என்னும் சமூகவியலாளரும் ஒரு படம் எடுத்தனர். 'ஒரு கோடையின் நிகழ்ச்சிக் குறிப்பு' என்று பொருள்படும் பெயரோடு 1961இல் அது வெளிவந்தது. தெருவில் போவோர் வருவோரை நிறுத்தி, "நீங்கள் மகிழ்ச்சியாக இருக்கிறீர்களா?" என்று கேட்கும் காட்சிகள் அதில் வருகின்றன.

அப்படத்தில் மார்செலின் லோரிடான் என்னும் இளம்பெண் ஒருவர் இருக்கிறார். யூதக் குடும்பத்தில் பிறந்தவர். 1944இல், பள்ளி செல்லும் வயதில், தந்தையோடு நாசிகளின் மரண முகாமுக்குக் கொண்டு செல்லப்பட்டவர். அவர் திரும்பி வந்தார்; தந்தை திரும்பவில்லை. முகாமில் குத்திய எண் அவர் முன்கையில் அழியாமல் இருக்கிறது. ஓர் உரையாடலில் அந்த எண் என்னவென்று ஆப்பிரிக்க இளைஞர்களிடம் கேட்கிறார்கள். அதைத் தொலைபேசி எண்ணாக இருக்குமோ என்று எண்ணும் அளவிற்கு அச்செய்தி அவர்களுக்குத் தெரியவில்லை. அறியாதார் நடுவில் தன்னைப் பற்றிச் சொல்லலாம் என்று நன்னூல் கூறுவதன் பொருள் அவ்விடத்தில் எனக்கு விளங்கிற்று.

பிறகு அவர் பாரிஸ் நகரின் பெரிய சதுக்கத்தில் தனியே நடந்து செல்கிறார். ஒலிப்பதிவுக் கருவி அவர் தோளிலேயே தொங்குகிறது. ஒலிவாங்கி அவர் ஆடையில் இருக்கிறது. காமிரா ஒரு மோட்டார் வண்டியில் அவருக்கு முன்னால் விலகி விலகிச் செல்கிறது. அவர் வாய்க்குள்ளாக, தம் தந்தையை முன்னிலைப்படுத்திப் பேசிக்கொண்டே நடக்கிறார். அவர் பேசுவது படமெடுப்போர் காதில் விழவில்லை. பின்னர் ஒலிநாடாவைப் போட்டுக் கேட்டபோதுதான் அவர்களுக்கே தெரிந்தது. என்ன சொல்வது, எவ்வளவு சொல்வது, எந்தக் குரலில் சொல்வது என்பதனை எல்லாம் அந்தப் பெண்ணே முடிவு செய்தார். வேறொருவர் எடுத்த படத்திற்குள் அவர் தம் படத்தைத் தாமே எடுத்துக்கொண்டார் என்றுகூடச் சொல்லலாம். பின்னாளில் அவர் தாமே படங்களை இயக்கினார்.

அப்படத்தின் முடிவில் இன்னொரு செய்தியும் உண்டு. படத்தில் வந்தவர்களுக்கே அதைத் திரையிட்டுக் காட்டி, அவர்கள் கருத்தைக் கேட்கிறார்கள். சிலர் போற்றுகிறார்கள், சிலர், இப்படியா ஒருவர் தம்மைத் திறந்து காட்டுவது என்று கடிந்துகொள்கிறார்கள். அந்த வாக்குவாதமும் படத்திலேயே இடம்பெறுகிறது. இறுதியில் இயக்குநர் இருவரும் அருங்காட்சியகத்தின் கூடத்தில் உலவியபடி, தாம் செய்தது சரிதானா என்று பேசிக்கொள்கிறார்கள். ஆசிரியர் தம் விடைத்தாளையும் திருத்துவதற்காக மாணவர் முன் வைத்தது போன்றது இது.

இளைஞர்களே! அடுத்து, அக்னேஸ் வார்தா என்னும் பிரெஞ்சு நாட்டு அம்மையாரின் படத்திற்கு வருகிறேன். அவர் 1928இல் பிறந்து 2019இல் மறைந்தவர். 2000ஆம் ஆண்டில், எழுபது வயதைக் கடந்த நிலையில், கையடக்கமான டிஜிட்டல் காமிராவைக் கொண்டு ஒரு படம் வெளியிட்டார். 'கதிர் பொறுக்குவோரும் கதிர் பொறுக்கும் நானும்' என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். அறுவடை முடிந்த வயலில் சிந்திய கதிரைப் பொறுக்குதல் என்றால் என்னவென்று இந்த அவையில் எவருக்கும் நான் விளக்க வேண்டியதில்லை. நம் பாட்டிமார்கள் முறத்தையும் துடைப்பத்தையும் எடுத்துக்கொண்டு களத்துமேட்டிற்குச் சென்றதை நம்மில் பலர் கண்ணால் கண்டிருக்கிறோம்.

அந்த அம்மையார் பிரான்சு நாடெங்கும் சுற்றிப் பொறுக்கி வாழ்வோரைச் சந்திக்கிறார். அளவில் பெரியவை, வடிவம் கோணலானவை என்று வணிகர் ஒதுக்கிய உருளைக்கிழங்குகள் வயலில் மலையாகக் கொட்டப்படுகின்றன. ஏழைகள் அங்கு வந்து பொறுக்குகிறார்கள். சந்தை கலைந்த பிறகு கீழே கிடக்கும் காய்கறியை எடுத்து உண்ணும் ஒருவரைக் காண்கிறோம். அவரோ உயிரியலில் முதுகலைப் பட்டம் பெற்றவர். வெளிநாடுகளிலிருந்து குடியேறிய தொழிலாளருக்கு மாலை வேளையில் ஊதியமின்றிப் பிரெஞ்சு மொழி கற்பிப்பவர். அக்காட்சியில் நான் எழுந்து நின்றுவிட்டேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் வார்தா அவர்களைக் காட்டுவதோடு நிற்கவில்லை. இதய வடிவிலான உருளைக்கிழங்குகளைப் பொறுக்கித் தாமும் வீட்டிற்கு எடுத்துச் செல்கிறார். காட்சிகளைப் பொறுக்குபவள் என்ற முறையில் தாமும் அந்த இனத்தவளே என்கிறார். ஒரு கையில் காமிராவைப் பிடித்துக்கொண்டு, தம் மற்றொரு கையைத் தாமே படம்பிடிக்கிறார். சுருங்கிய தோல், எழும்பிய நரம்பு, முதுமைப் புள்ளிகள் யாவும் திரை நிறையத் தெரிகின்றன. நரைத்த தலைமுடியை வகிர்ந்து காட்டுகிறார். ஏழைகளின் கையை அருகில் சென்று காட்டத் துணிந்தவர், தம் கையை மறைத்துக்கொள்ளவில்லை. பிறர் வறுமையைப் படமெடுக்கும் உரிமையை அவர் அந்த ஒரு காட்சியால் ஈட்டிக்கொண்டார் என்றே நான் கருதுகிறேன்.

வார்தாவிற்குக் காட்ட ஒரு கை இருந்தது. காட்டுவதற்கு ஒரு படமும் இல்லாதவர் என்ன செய்வது? இதற்கு விடை கூறுபவை அடுத்த இரண்டு படங்கள்.

அமெரிக்க நாட்டில் பிறந்த ஜப்பானிய வழியினரான ரியா தஜிரி என்னும் பெண்மணி, 1991இல் 'வரலாறும் நினைவும்' என்னும் முப்பத்திரண்டு நிமிட வீடியோப் படத்தை எடுத்தார். இரண்டாம் உலகப் போரின்போது, 1942இல், அமெரிக்க அரசு தன் நாட்டில் வாழ்ந்த ஜப்பானிய வழியினர் ஏறத்தாழ 1,20,000 பேரை வீடு வாசலிலிருந்து கிளப்பி, முகாம்களில் அடைத்து வைத்தது. அவர்களுள் பெரும்பாலோர் அமெரிக்கக் குடிமக்களே. ரியாவின் தாயாரும் அவ்வாறு அரிசோனா மாநிலத்துப் போஸ்டன் முகாமில் அடைக்கப்பட்டவர். மேற்குக் கரையில் வாழ்ந்த ஜப்பானிய வழியினர் காமிரா வைத்திருப்பதும் அக்காலத்தில் தடை செய்யப்பட்டிருந்தது. எனவே அரசாங்கம் எடுத்த படங்கள் இருந்தன. திரைப்பட நிறுவனங்கள் எடுத்த படங்கள் இருந்தன. அடைபட்டவர்கள் தாமே எடுத்த படங்கள் மிக அரிதாயின.

தாயாரிடம் கேட்டால் அவருக்கும் நினைவில்லை என்கிறார். பொறுக்க முடியாததை மறந்துவிட்டார் போலும். மகளின் மனத்திலோ எப்போதோ கேட்ட ஒரே ஒரு காட்சி நிற்கிறது: பாலைநிலத்தில் ஒரு குழாயடியில், தாயார் தண்ணீர்க் குடுவையை நிரப்புகிறார். அதற்குப் படம் இல்லை. ஆகவே மகளே தாயாராக நின்று, குழாயைத் திறந்து, குடுவையை நிரப்பி, அக்காட்சியை உண்டாக்குகிறார். படம் இல்லாத இடங்களில் கறுப்புத் திரையில் எழுத்துகளை ஓடவிடுகிறார். இத்தகைய படங்களைச் 'சோதனை முயற்சிப் படங்கள்' என்கிறார்கள். புதுமை செய்ய வேண்டும் என்ற விருப்பத்தால் மட்டும் இவ்வடிவம் பிறக்கவில்லை. அவரிடம் இருந்தவை அவ்வளவே. அவற்றைக் கொண்டு அவர் கட்டினார்.

அப்படம் முடிந்ததும் என் மகள், "அப்பா, ஆயா எப்படி இருப்பார்கள்?" என்று கேட்டாள். என் தாயார் அவள் பிறப்பதற்கு முன்பே மறைந்தார். அவருடைய புகைப்படம் எங்கள் வீட்டில் இல்லை. நான் ஆசிரியப் பணியில் சேர்ந்த அன்று எடுத்த என் படம் ஒன்று உண்டு. ஒரு படத்திற்குத்தான் காசு இருந்தது. படத்தின் ஓரத்தில், என் தோளருகே, இரண்டு விரல்கள் தெரியும். சட்டைக் கழுத்தைச் சரிசெய்துவிட்டு விலகிய என் தாயாரின் விரல்கள் அவை. என்னிடம் உள்ள அவர் உருவம் அவ்வளவுதான்.

மகள் விடவில்லை. "ஆயா செய்த வேலை எதையாவது செய்து காட்டுங்கள்" என்றாள். நாற்றுமுடியை இடக்கையில் ஏந்தி, வலக்கைக் கட்டைவிரலால் பிரித்து, சேற்றில் ஊன்றும் விதத்தை வெறுங்கையால் செய்து காட்டினேன். அவள் தன் கைபேசியில் என் கைகளை மட்டும் படம்பிடித்தாள். இரண்டு நிமிடம் ஓடும் படம். அதைப் போட்டுப் பார்த்தபோது நான் திடுக்கிட்டேன். அவை என் தாயாரின் கைகளாகவே இருந்தன. அவர் இறந்த வயதை நான் எட்டிவிட்டேன் என்பதும் அப்போதுதான் எனக்கு உறைத்தது. என்னை நானே காட்டிக்கொள்வதில் என்ன ஆசை என்று கேட்டேனே, அந்தக் கேள்வியை அன்றிரவு திரும்பப் பெற்றுக்கொண்டேன்.

கடைசியாக, கம்போடிய நாட்டு ரித்தி பான். 1975 ஏப்ரல் 17ஆம் நாள் கெமர் ரூஜ் படையினர் தலைநகர் நோம்பென்னைக் கைப்பற்றி, மக்களை வயல்வெளிகளுக்கு விரட்டினர். 1979 ஜனவரியில் அவ்வாட்சி வீழ்வதற்குள் பட்டினியாலும் நோயாலும் கொலையாலும் ஏறத்தாழ பதினேழு இலட்சம் பேர் மாண்டனர் என்று கணக்கிடப்படுகிறது. சிறுவனாயிருந்த ரித்தி பான் தம் தாய் தந்தையரை இழந்தார். அவ்வாட்சியாளர் எடுத்த பிரச்சாரப் படச்சுருள்கள் எஞ்சியுள்ளன. அவற்றில் மக்கள் சுறுசுறுப்பாக மண் சுமக்கிறார்கள், பட்டினியைக் காணோம். எனவே 2013இல் வெளிவந்த 'காணாமற்போன படம்' என்னும் தம் படத்தில், களிமண்ணால் சிறு பொம்மைகள் செய்வித்து, வண்ணம் தீட்டி, தம் குடும்பத்தையும் முகாமையும் வயலையும் மீண்டும் அமைத்தார். அப்பொம்மைகள் அசைவதில்லை. காமிராதான் அவற்றைச் சுற்றி மெல்ல நகர்கிறது. 'நான்' என்று கதை சொல்லும் குரலும் அவருடையதன்று, வேறொருவர் பேசுகிறார். ஆயினும் அது அவருடைய தன்வரலாறே. அப்படம் கான் திரைப்பட விழாவில் ஒரு பிரிவின் முதற்பரிசைப் பெற்றது.

அவருடைய தந்தையார் கல்வித் துறையில் பணியாற்றியவர். மனிதனுக்கு உரிய உணவு இதுவன்று என்று மறுத்து, உண்ணாதிருந்து உயிர் நீத்தார். முறையான அடக்கமும் அவருக்குக் கிடைக்கவில்லை. ஓர் ஆசிரியப் பெருந்தகைக்கு நடந்திருக்க வேண்டிய இறுதிச் சடங்கு எப்படியெல்லாம் இருந்திருக்கும் என்று அன்றிரவு தாயார் பிள்ளைக்கு வாய்ச்சொல்லாலேயே எடுத்துக் கூறினாராம். ஏடும் இல்லாத, படமும் இல்லாத இடத்தில் சொல்லே சடங்காயிற்று. அந்தச் சொல்லைக் கேட்ட பிள்ளை பின்னாளில் படமெடுத்தார். 2006இல் நோம்பென்னில் தம் நாட்டின் படங்களையும் ஒலிப்பதிவுகளையும் திரட்டிக் காக்கும் மையம் ஒன்று உருவாகவும் முன்னின்றார்.

அன்பார்ந்த இளைஞர்களே! இன்று உங்கள் ஒவ்வொருவர் சட்டைப் பையிலும் காமிரா இருக்கிறது. ழான் ரூஷ் சுமந்த கருவியைவிட அது எளியது. நாள்தோறும் உங்களை நீங்களே படம் எடுத்துக்கொள்கிறீர்கள். அதை நான் குறை கூற வரவில்லை. முகத்தை அழகாக்கும் வசதியெல்லாம் அதில் உண்டென்று அறிவேன். வார்தா அம்மையார் சுருக்கத்தைக் காட்டினார் என்பதை மட்டும் நினைவூட்டுகிறேன். தன்னுருவப் படம் மதிப்புப் பெறுவது, எடுப்பவர் எதை மறைக்க விரும்புவாரோ அதையும் ஓரளவேனும் காட்டத் துணியும்போதுதான்.

நீங்கள் இம்முயற்சியில் இறங்க விரும்பினால், அனுபவம் குறைந்த இந்த ஆசிரியன் மூன்று சொற்களைச் சொல்ல அனுமதியுங்கள்.

முதலாவது, சிறியதில் தொடங்குங்கள். குலத்தின் வரலாறு முழுவதையும் ஒரே படத்தில் சொல்ல முற்படாதீர்கள். ஒரு கை, ஒரு குழாயடி, ஒரு குரல் போதும். படத்தில் இருப்பவர் பெயர், ஊர், நாள் ஆகியவற்றைத் தவறாமல் குறித்து வையுங்கள். அல்லகரியல்லக்கிற்கு நேர்ந்தது உங்கள் பாட்டிக்கு நேரக் கூடாது.

இரண்டாவது, உங்கள் கதை உங்களுடையது மட்டுமன்று. அதில் உங்கள் தாய் வருவார், தந்தை வருவார், அண்டை வீட்டார் வருவர். அவர்கள் மானமும் அதில் அடங்கியிருக்கிறது. எடுப்பதற்கு முன் இசைவு கேளுங்கள். எடுத்த பின் ஊருக்குக் காட்டுமுன் அவர்களுக்குக் காட்டுங்கள். 1961இல் பாரிசில் செய்ததை நாமும் செய்யலாம். வேண்டாம் என்று அவர்கள் சொன்னால், அப்பகுதியை நீக்கிவிடுங்கள்.

மூன்றாவது, நினைவில்லாததை நினைவிருப்பது போலக் காட்டாதீர்கள். தஜிரி கறுப்புத் திரையை வைத்தார். ரித்தி பான் களிமண்ணை வைத்தார். இதற்குப் படம் இல்லை என்று அவர்கள் ஒளிவின்றி ஒப்புக்கொண்டனர். அதனால்தான் அவர்கள் சொல்லும் மற்றவற்றையும் நாம் நம்புகிறோம்.

இந்தச் சங்கம் தன் இருபத்தைந்து ஆண்டுகளின் நினைவாக மலர் ஒன்றை வெளியிடுகிறது. அதற்காகப் பழைய புகைப்படங்களைத் தேடியபோது, ஒன்று எனக்குத் தெளிவாயிற்று. திறப்பு விழாக்களில் வந்து சென்ற விருந்தினர் படங்கள் நிறைய உள்ளன. முதல் இரவுப் பள்ளிக்கு நாள்தோறும் விளக்கிற்கு எண்ணெய் கொண்டுவந்த தாய்மார்களின் படம் ஒன்றும் இல்லை. அவர்களுள் சிலர் இன்று முன்வரிசையில் அமர்ந்திருக்கிறார்கள். விழா முடிந்து வீடு திரும்புமுன், இளைஞர்களே, அவர்களிடம் சென்று வணங்குங்கள். இசைவு பெற்று, அவர்கள் பேசுவதைப் பதிவு செய்யுங்கள். பதிவின் தொடக்கத்தில், எடுப்பவர் யார், இன்னாருக்கு என்ன உறவு என்று உங்கள் குரலிலேயே சொல்லுங்கள். ஐம்பதாவது ஆண்டு மலரைத் தொகுப்பவர்க்கு அது பயன்படும்.